காலக் காவல் கருவிகள்: மிகுபுனைவில் காவலும் கணக்கும்

மிகுபுனைவுக் கதைகளில் காலத்தின் ஓட்டத்தைக் கண்காணிக்கும், சீர்செய்யும், நிறுத்தும் அல்லது திருப்பும் மாயக் கருவிகள் ஒரு தனி வகையாகவே வளர்ந்துள்ளன. மணற்கடிகை, ஊசல், கல்லுருளை, சுவர்க்கடிகாரம் எனப் பல வடிவங்களில் அவை வருகின்றன. வாசகர்களிடையே இவற்றைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் விதிகளைச் சுற்றியே நடக்கிறது. கருவி எத்தனை மணி நேரம் பின்னோக்கிக் கொண்டுசெல்லும், நடந்ததை மாற்ற முடியுமா, மாற்றினால் முரண்பாடு எழாதா என்பவை வழக்கமான கேள்விகள். இவற்றுக்கு முரணில்லாத விடை தரும் கதை நல்ல கதை என்றும், தராதது ஓட்டையுள்ள கதை என்றும் ஒரு பொதுமதிப்பீடு நிலவுகிறது.

விதிகளின் ஒழுங்கு ஒரு கதைக்குத் தேவைதான். ஆனால் அதை மட்டும் வைத்து இக்கருவிகளை மதிப்பிட்டால் அவை கதையில் செய்யும் முக்கியமான வேலை கண்ணில் படாமல் போகும். காலத்துக்கு ஒரு காவல் தேவை என்று கதை சொன்னவுடனேயே, அந்தக் காவல் யாருக்காக, யாரிடமிருந்து என்ற கேள்விகள் எழுந்துவிடுகின்றன. தமிழில் 'காவல்' என்ற சொல்லுக்கே இரண்டு முகங்கள் உண்டு. வயலுக்குக் காவல் இருப்பது பாதுகாப்பு. ஒருவரைக் காவலில் வைப்பது சிறை. காலக் காவல் கருவிகளைப் பற்றிய சிறந்த கதைகள் இந்த இரண்டுக்கும் இடையிலான வேறுபாட்டைத்தான் ஆராய்கின்றன. மிகாயெல் எண்டேயின் 'மோமோ', டெர்ரி பிராட்செட்டின் 'தீஃப் ஆஃப் டைம்', ஜே. கே. ரௌலிங்கின் ஹாரி பாட்டர் வரிசை, 'லோகி' தொலைக்காட்சித் தொடர் ஆகியவற்றை ஒப்பிட்டுப் பார்த்தால் இது தெளிவாகும்.

கால இயந்திரமும் காலக் காவலும்

எச். ஜி. வெல்ஸின் 'தி டைம் மெஷின்' (1895) நாவலில் வரும் இயந்திரம் அடிப்படையில் ஒரு வாகனம். அதில் ஏறிய பயணி கி.பி. 8,02,701-ஆம் ஆண்டுக்குப் போகிறார், அங்குள்ள மனிதகுலத்தின் நிலையைப் பார்க்கிறார், திரும்பி வந்து நண்பர்களிடம் சொல்கிறார். காலம் அவருக்கு ஒரு நிலப்பரப்பு. அதைப் பராமரிக்கும் பொறுப்பு எதுவும் அவருக்கு இல்லை.

மாயக் காவல் கருவிகள் வேறொரு கற்பனையிலிருந்து பிறக்கின்றன. இங்கே காலம் தானாக ஓடிக்கொண்டிருக்கும் பின்னணி அல்ல. அணைநீரைப் போலவோ தோட்டத்தைப் போலவோ யாரோ கவனித்துக்கொள்ள வேண்டிய பொருள். எனவே கருவியுடன் அதைக் கையாளும் ஒருவரும் கட்டாயம் வருகிறார். அவர் தோட்டக்காரரின் மனநிலையில் இருக்கிறாரா, கணக்கரின் மனநிலையில் இருக்கிறாரா என்பதைப் பொறுத்தே கதையின் திசை அமைகிறது.

மோமோ: கணக்குக்கு எதிரான கடிகாரம்

ஜெர்மானிய எழுத்தாளர் மிகாயெல் எண்டேயின் 'மோமோ' 1973-ல் வெளிவந்தது. அடுத்த ஆண்டு ஜெர்மன் சிறார் இலக்கியப் பரிசைப் பெற்றது. ஒரு பெருநகரத்தின் ஓரத்தில், இடிந்துபோன பழைய வட்டரங்கில் தனியாக வாழும் சிறுமி மோமோ. பிறர் பேசுவதை முழுமையாகக் காதுகொடுத்துக் கேட்பது மட்டுமே அவளுடைய திறமை. அந்த ஊருக்குள் சாம்பல் நிற மனிதர்கள் நுழைகிறார்கள். நேர சேமிப்பு வங்கியின் முகவர்கள் என்று தங்களைச் சொல்லிக்கொள்ளும் அவர்கள், நேரத்தை மிச்சப்படுத்தும்படி மக்களைத் தூண்டி, மிச்சமான நேரத்தைத் தாங்களே எடுத்துக்கொள்கிறார்கள்.

நாவலின் மிக வலுவான பகுதி ஒரு கணக்குப் பாடம் போல் அமைந்துள்ளது. முடிதிருத்தும் கடை வைத்திருக்கும் ஃபூசியிடம் ஒரு முகவர் வருகிறார். ஓர் ஆண்டுக்கு 3,15,36,000 நொடிகள். 70 ஆண்டு வாழ்ந்தால் 220 கோடியே 75 லட்சத்து 20 ஆயிரம் நொடிகள். ஃபூசிக்கு வயது 42 என்பதால் இதுவரை செலவானவை 132 கோடியே 45 லட்சத்து 12 ஆயிரம். இதில் நாளுக்கு எட்டு மணி நேரத் தூக்கத்துக்கே 44 கோடியே 15 லட்சத்து 4 ஆயிரம் நொடிகள் போய்விட்டன. வேலை, சாப்பாடு, காது கேளாத வயதான தாயுடன் உட்கார்ந்து பேசும் நேரம், சக்கர நாற்காலியில் இருக்கும் தாரியாவுக்குப் பூ கொண்டுபோகும் நேரம் எல்லாம் ஒவ்வொன்றாகக் கழிக்கப்படுகின்றன. கடைசியில் மிச்சம் சுழியம்.

இந்தக் கணக்கில் கூட்டல் கழித்தல் பிழை எதுவும் இல்லை. செலவழித்த நேரம் அனைத்தையும் 'இழப்பு' என்ற ஒரே தலைப்பில் எழுதியதில்தான் பிழை இருக்கிறது. தாயுடன் இருந்த நேரமும் தூங்கிய நேரமும் அங்கே ஒரே வகைப் பற்றாகிவிடுகின்றன. ஃபூசியால் கணக்கை மறுக்க முடிவதில்லை. எண்கள் சரியாக இருப்பதால் முடிவும் சரி என்று நம்பிவிடுகிறார். அதன்பின் அவர் தாயை ஒரு முதியோர் இல்லத்தில் சேர்க்கிறார், வாடிக்கையாளர்களிடம் பேச்சைக் குறைக்கிறார், தாரியாவைப் பார்ப்பதை நிறுத்துகிறார். நேரம் மிஞ்சவே இல்லை.

இந்த வங்கிக்கு எதிர்ப்புறத்தில் எண்டே நிறுத்துவது செகுண்டுஸ் மினூட்டியுஸ் ஹோரா என்ற காலக் காப்பாளரை. அவருடைய வீட்டில் எண்ணற்ற கடிகாரங்கள் இருக்கின்றன. அவை ஒரே நேரத்தைக் காட்டுவதில்லை. ஒவ்வொரு மனிதரும் தம் நெஞ்சுக்குள் வைத்திருக்கும் ஒன்றின் குறைபட்ட நகல்கள்தான் இவை என்று அவர் மோமோவிடம் விளக்குகிறார். அவர் கையில் உள்ள இன்னொரு கடிகாரத்துக்கு எண்களும் இல்லை, முட்களும் இல்லை. எதிரெதிர்த் திசையில் சுழலும் இரண்டு மெல்லிய சுருள்கோடுகள் மட்டும் உண்டு. உலகில் எல்லாம் ஒன்றுகூடி வந்து, முன்னும் பின்னும் நிகழவே முடியாத ஒன்று நிகழக்கூடிய கணத்தை அது காட்டுகிறது. நாட்காட்டியில் தினமும் அச்சாகி வரும் நல்ல நேரம் போன்றதல்ல இது. முன்கூட்டிக் குறித்துவைக்க முடியாதது. மக்கள் பெரும்பாலும் கவனிக்காமலே தவறவிடுவது.

ஹோரா மோமோவை அழைத்துச் செல்லும் இடத்தில், கருநீர்க் குளத்தின் மேல் ஒரு நட்சத்திர ஊசல் ஆடுகிறது. அது அணுகும் இடத்தில் ஒரு பூ மலர்கிறது, விலகும்போது வாடுகிறது. அடுத்த பூ முந்தையதைவிட அழகாக இருக்கிறது. இவையே நேரப் பூக்கள். சாம்பல் நிற மனிதர்கள் புகைக்கும் சுருட்டுகள் இந்தப் பூக்களின் உலர்ந்த இதழ்களால் ஆனவை. ஒரே பொருள் ஒருவரிடம் பூவாகவும் மற்றவரிடம் எரிபொருளாகவும் இருக்கிறது. காவலுக்கும் கணக்குக்கும் இடையிலான வேறுபாட்டை எண்டே இதைவிட எளிதாகச் சொல்லியிருக்க முடியாது.

ஹோராவுக்கு ஓர் எல்லையும் உண்டு. ஒவ்வொருவருக்கும் உரிய நேரத்தைப் பங்கிட்டுத் தருவது அவர் பணி. அதை எப்படிச் செலவிடுவது என்பதில் அவர் தலையிடுவதில்லை. அதைத் திருடர்களிடமிருந்து காப்பதும் மனிதர்களின் பொறுப்பே. ஆற்றல் இருந்தும் ஆணையிடாத காவலர் என்ற இந்தக் கருத்து பிற்கால மிகுபுனைவுகளில் அரிதாகவே தொடர்கிறது.

தீஃப் ஆஃப் டைம்: ஒத்திப்போடும் உருளைகள்

டெர்ரி பிராட்செட்டின் டிஸ்க்வேர்ல்டு வரிசையில் 26-ஆவது நாவலான 'தீஃப் ஆஃப் டைம்' 2001-ல் வெளிவந்தது. மலைகளுக்கு நடுவே உள்ள மடத்தில் வாழும் வரலாற்றுத் துறவிகள் காலத்தைப் பராமரிக்கிறார்கள். அவர்களுடைய கருவிகள் சுழலும் கல்லுருளைகள். காலத்தை ஓரிடத்தில் சேர்த்துவைத்து, தேவையான இன்னோர் இடத்தில் அவிழ்த்துவிடுபவை. ஆங்கிலத்தில் வேலையைத் தள்ளிப்போடும் சோம்பேறியைக் குறிக்கும் சொல்லையே பிராட்செட் அவற்றுக்குப் பெயராக வைத்திருக்கிறார். தமிழில் 'ஒத்திப்போடும் உருளைகள்' என்று சொன்னால் அந்த நகைச்சுவை ஓரளவு கிடைக்கும்.

இங்கே காலம் பாசனநீரைப் போல் நிர்வகிக்கப்படுகிறது. கடலின் ஆழத்தில் மீன்களுக்கு அவ்வளவு நேரம் தேவைப்படுவதில்லை என்பதால் அங்கிருந்து எடுத்து, எப்போதும் நேரம் போதாத நகரங்களுக்குத் திருப்பிவிடுகிறார்கள். டிஸ்க்வேர்ல்டு வரிசையில் வெவ்வேறு காலகட்டங்களின் கூறுகள் ஒன்றாகக் கலந்திருப்பதற்கும் நாவல் ஒரு காரணம் கற்பிக்கிறது. முன்பு ஒருமுறை வரலாறு உடைந்து சிதறியது. துறவிகள் கிடைத்த துண்டுகளை வைத்து ஒட்டுப்போட்டார்கள். ஆகவே உலகத்தின் காலம் ஒரு தையல்வேலை. உற்றுப் பார்த்தால் ஒட்டுகள் தெரியும். காலவழுக்களை மறைக்க வேண்டிய பிழையாகக் கருதாமல், அக்கறையோடு செய்த பழுதுபார்ப்பின் தழும்பாக அவற்றைக் காட்டியது பிராட்செட்டின் சாதனை.

இந்தக் காவலின் நாயகன் மடாதிபதி அல்ல, தரை பெருக்கும் லூ-ட்சே. துடைப்பம் வைத்திருக்கும் மனிதரை யாரும் கவனிப்பதில்லை என்பதே அவருடைய பலம். காவல் என்பது பெருக்குவதைப் போன்ற வேலை. ஒருநாளும் முடியாது, யாரும் பாராட்டுவதில்லை, ஒருநாள் விட்டால் தெரிந்துவிடும்.

எதிர்ப்பக்கத்தில் இருப்பவர்கள் தணிக்கையாளர்கள். சாம்பல் நிற அங்கிகளுக்குள் முகமற்று இருக்கும் இவர்கள் பிரபஞ்சம் விதிப்படி நடக்கிறதா என்று சரிபார்ப்பவர்கள். உயிர்கள் ஒழுங்கற்று நடந்துகொள்வது இவர்களுக்குப் பிடிப்பதில்லை, கோப்புகளைக் குழப்புகிறது. எனவே இவர்களில் ஒருவர் பெண் வடிவெடுத்து, ஜெரமி என்ற இளம் கடிகாரக் கலைஞனிடம் முற்றிலும் பிழையற்ற ஒரு கண்ணாடிக் கடிகாரத்தைச் செய்துதரச் சொல்கிறார். அந்தக் கடிகாரம் ஓடத் தொடங்கும் கணத்தில் உலகம் உறைந்து நின்றுவிடும்.

நாவலின் மையக் கருத்து இதில் அடங்கியிருக்கிறது. முழுமையாக அளக்கப்பட்ட காலம் என்பது நின்றுபோன காலம். தணிக்கையாளர்கள் காலத்தின் மீது வெறுப்பால் இதைச் செய்யவில்லை. கணக்கு சரியாக வரவேண்டும் என்ற விருப்பத்தால் செய்கிறார்கள். மனித உடல் எடுத்த பின் அவர்களுடைய வீழ்ச்சி உணர்வுகளின் வழியாக வருகிறது. சாக்லேட்டின் சுவையைத் தாங்க முடியாமல் அழிகிறார்கள். எண்டேயின் வங்கி முகவர்களுக்கும் பிராட்செட்டின் தணிக்கையாளர்களுக்கும் இடையே உள்ள ஒற்றுமை கவனத்துக்குரியது. இருவரும் சாம்பல் நிறத்தவர்கள், தனிமுகம் இல்லாதவர்கள், எண்ணுபவர்கள். ஏறத்தாழ 30 ஆண்டு இடைவெளியில், வெவ்வேறு மொழிகளில், ஒன்று சிறுவர் கதையாகவும் மற்றொன்று நகைச்சுவை நாவலாகவும் எழுதப்பட்ட இரண்டு படைப்புகளும் காலத்தின் எதிரியாக ஒரே தொழிலைச் சுட்டுகின்றன.

ஹாரி பாட்டர்: காலத்திருப்பியும் வீட்டுக் கடிகாரமும்

காலக் கருவிகளில் மிகப் பரவலாக அறியப்பட்டது ரௌலிங்கின் 'ஹாரி பாட்டர் அண்ட் தி பிரிசனர் ஆஃப் அஸ்கபான்' (1999) நாவலில் வரும் காலத்திருப்பி. மெல்லிய சங்கிலியில் கோத்த சிறு மணற்கடிகை அது. ஒரு திருப்புக்கு ஒரு மணி நேரம் பின்னோக்கிச் செல்லலாம். கடந்த காலத்தில் யார் கண்ணிலும் படக்கூடாது என்பது கடுமையான விதி.

இது முதலில் எதற்காகக் கொடுக்கப்படுகிறது என்பது விமர்சகர்கள் அதிகம் நின்று பார்க்காத இடம். ஹெர்மயனி ஒரே நேரத்தில் நடக்கும் பல வகுப்புகளுக்குப் போக வேண்டும் என்பதற்காக ஆசிரியர் மெக்கோனகல் அமைச்சகத்திடம் எழுதிக் கேட்டு இதைப் பெற்றுத்தருகிறார். உலகத்தின் மிக ஆபத்தான கருவிகளில் ஒன்று ஒரு பள்ளி மாணவியின் பாட அட்டவணைச் சிக்கலைத் தீர்க்கப் பயன்படுகிறது. விளைவு என்ன? கிடைத்த ஒவ்வொரு கூடுதல் மணியையும் படிப்பே விழுங்குகிறது. அவள் களைத்துப்போகிறாள், நண்பர்களிடம் எரிந்துவிழுகிறாள், ஒரு வகுப்புக்குப் போகாமல் தூங்கிவிடுகிறாள். ஆண்டின் இறுதியில் ஒரு பாடத்தை விட்டுவிட்டு கருவியைத் திருப்பிக் கொடுக்கிறாள். ஃபூசி நேரத்தைச் சேமித்தும் நேரமில்லாமல் தவித்ததைப் போல, ஹெர்மயனி நேரத்தைப் பெருக்கியும் நேரமில்லாமல் தவிக்கிறாள். தேர்வு எழுதும் வயதில் உள்ள வாசகர்களுக்கு இந்த நாவலில் உள்ள மிக உண்மையான பகுதி இதுவே.

உச்சக்கட்டத்தில் அதே கருவி மூன்று திருப்புகளில் இரண்டு உயிர்களைக் காப்பாற்றுகிறது. இங்கே ரௌலிங் காட்டும் கட்டுப்பாடு பாராட்டத்தக்கது. பக்பீக் என்ற விலங்கு கொல்லப்பட்டதாக முதலில் தோன்றுகிறது. உண்மையில் அப்போது கேட்டது கொலையாளி ஆத்திரத்தில் கோடரியை வேலியில் வீசிய சத்தம். நடந்தது எதுவும் மாறவில்லை. நடந்ததைப் பற்றிய புரிதல் மட்டும் மாறுகிறது. ஏரிக்கரையில் தன்னைக் காப்பாற்றியது இறந்துபோன தந்தை என்று நம்பிக் காத்திருந்த ஹாரி, காப்பாற்ற வேண்டியவன் தானே என்று உணரும் இடத்தில் கருவியின் விதியும் பாத்திரத்தின் வளர்ச்சியும் ஒரே புள்ளியில் சந்திக்கின்றன.

ஆனால் இவ்வளவு ஆற்றலுள்ள கருவி கதையில் தொடர்ந்து இருந்தால், ஒவ்வொரு சாவுக்கும் 'ஏன் காலத்தைத் திருப்பவில்லை?' என்ற கேள்வி எழும். ஐந்தாம் நாவலில் (2003) மர்மத் துறையில் நடக்கும் சண்டையின்போது கருவிகள் இருந்த அலமாரி நொறுங்குகிறது. விழுந்து, உடைந்து, தானே சரியாகி, மறுபடியும் விழுந்துகொண்டே இருக்கிறது. ஆறாம் நாவலில் (2005) அமைச்சகத்தின் இருப்பு முழுவதும் அழிந்துவிட்டதாக ஹெர்மயனி சொல்கிறாள். அழகான காட்சிதான் என்றாலும் இதன் நோக்கம் வெளிப்படையானது. காவல் யாருக்காக என்ற கேள்விக்கு விடை காணாத கதை, கருவியை உடைத்துக் கேள்வியிலிருந்து விடுபடுகிறது. 2016-ல் லண்டனில் அரங்கேறிய 'ஹாரி பாட்டர் அண்ட் தி கர்ஸ்டு சைல்டு' நாடகம் காலத்திருப்பியை மீண்டும் கொண்டுவந்தது. இம்முறை கடந்த காலம் மாறுகிறது. மாற்று உலகங்கள் தோன்றுகின்றன. மூன்றாம் நாவலின் வலிமை எதுவோ அதையே நாடகம் கைவிட்டுவிட்டது. நடந்ததை மாற்ற முடியாது என்பதால்தான் அங்கே ஹாரி வளர்ந்தான்.

இதே வரிசையில் அதிகம் பேசப்படாத இன்னொரு கருவி இருக்கிறது. வீஸ்லி குடும்பத்தின் கடிகாரத்தில் ஒன்பது முட்கள், குடும்பத்தில் ஒருவருக்கு ஒன்று. எண்களுக்குப் பதிலாக வீடு, பள்ளி, பயணம், மருத்துவமனை, சிறை, உயிராபத்து போன்ற இடங்களும் நிலைகளும் எழுதப்பட்டுள்ளன. மணியைச் சொல்லாத கடிகாரம் இது; யார் எங்கே, எப்படி இருக்கிறார்கள் என்பதை மட்டும் சொல்கிறது. ஆறாம் நாவலில் போர்ச்சூழல் முற்றியபோது ஒன்பது முட்களும் உயிராபத்தையே காட்டுகின்றன. அதாவது கடிகாரத்திடம் தெரிந்துகொள்ள ஒன்றுமில்லாத நிலை. அப்போதும் திருமதி வீஸ்லி அதைத் துணிக்கூடையின் மேல் வைத்துக்கொண்டு வீடெல்லாம் சுமந்து திரிகிறார். கணவர் வீடு திரும்பும்போது ஒரு முள் மட்டும் சற்றே நகர்ந்து பயணத்தைக் காட்டுகிறது. அதற்காகவே அவர் விழித்திருக்கிறார். எதையும் தடுக்கும் சக்தி இந்தக் கருவிக்கு இல்லை. ஆனாலும் காவல் என்ற சொல்லின் முதல் பொருளுக்கு, காலத்தையே திருப்பும் மணற்கடிகையைவிட இதுவே நெருக்கமானது.

லோகி: காவல் சிறையாகும் இடம்

2021-ல் வெளிவந்த 'லோகி' தொடர் காவலின் மறுமுகத்தைக் காட்டுகிறது. 'புனிதக் காலக்கோடு' ஒன்றே சரியான வரலாறு. அதிலிருந்து கிளைக்கும் எந்த நிகழ்வும் கத்தரிக்கப்பட வேண்டும். இதைச் செய்வது ஒரு பெரிய அலுவலகம். அங்கே மேசைகள், படிவங்கள், வரிசை எண்கள் எல்லாம் உண்டு. முந்தைய திரைப்படங்களில் பிரபஞ்சத்தையே ஆட்டிவைத்த முடிவிலிக் கற்கள் ஓர் ஊழியரின் இழுப்பறையில் கிடக்கின்றன. சிலர் அவற்றைக் காகிதங்கள் பறக்காமலிருக்க வைக்கும் எடைக்கற்களாகப் பயன்படுத்துகிறார்கள். எண்டேயின் வங்கியும் பிராட்செட்டின் தணிக்கையும் இங்கே ஓர் அரசு அலுவலகமாகத் திரண்டிருக்கின்றன. ஒரே வேறுபாடு, தாங்கள் காலத்தைப் பாதுகாப்பதாக இந்த ஊழியர்கள் மனமார நம்புகிறார்கள். தாங்களும் இப்படிக் கத்தரிக்கப்பட்ட வாழ்க்கைகளிலிருந்து பிடித்துவரப்பட்டு நினைவழிக்கப்பட்டவர்கள் என்பது அவர்களுக்குத் தெரியாது.

2023-ல் வந்த இரண்டாம் பருவம் காலத்தறி என்ற கருவியைச் சுற்றி நடக்கிறது. காலத்தின் இழைகளை நெய்து ஒழுங்குபடுத்தும் தறி அது என்று எல்லோரும் நினைக்கிறார்கள். அதைச் சரிசெய்யப் பாடுபடுகிறார்கள். சுமை மிகும்போது மற்றக் கிளைகளை அழித்துவிட்டுப் புனிதக் காலக்கோட்டை மட்டும் மிஞ்சவைக்கும்படி அது அமைக்கப்பட்டிருப்பது பிறகு தெரியவருகிறது. கருவி பழுதாகவில்லை, அது செய்யவேண்டியதைச் சரியாகவே செய்கிறது. இறுதியில் லோகி தறியை உடைத்துவிட்டு, வாடும் கிளைகளைத் தன் கைகளில் ஏந்திக்கொள்கிறான். அவை ஒரு மரமாகின்றன. அந்த மரத்தின் நடுவே அவன் தனியாக அமர்ந்திருக்கிறான். இயந்திரம் செய்த காவலை ஓர் உயிர் ஏற்கிறது. அதற்குத் தன் சுதந்திரத்தை விலையாகத் தருகிறது. இத்தொடரில் காட்சிப் பகட்டும் விளக்க உரையாடல்களும் அதிகம். ஆயினும் இந்த முடிவு அதன் மையக் கேள்விக்கு நேர்மையான விடை.

எதிர்வாதங்கள்

இந்த ஒப்பீட்டுக்கு எதிராகச் சொல்லக்கூடியவையும் உண்டு. முதலாவது, எண்டே பிரச்சினையை எளிதாக்கிவிடுகிறார் என்பது. சாம்பல் நிற மனிதர்கள் தோன்ற மக்களே இடம்கொடுக்கிறார்கள் என்று ஹோரா சொல்கிறார். ஆனால் முடிவில் ஒரு சிறுமி, ஓர் ஆமை, கையில் ஒரே ஒரு நேரப் பூ, நின்றுபோன உலகத்தில் ஒரு மணி நேரம் ஆகியவற்றைக் கொண்டே எல்லாம் தீர்ந்துவிடுகிறது. மக்கள் தங்கள் நேரத்தைத் தாங்களே மீட்கவில்லை. அது அவர்களுக்குத் திருப்பித் தரப்படுகிறது. நேரத்தைக் காப்பது மனிதர்களின் பொறுப்பு என்ற ஹோராவின் சொல்லோடு இது முழுமையாகப் பொருந்தவில்லை. நேரமில்லாமைக்குப் பின்னால் கூலியும் வாடகையும் கடனும் இருப்பதை நாவல் தொட்டுச் செல்வதோடு நின்றுவிடுகிறது. ஃபூசியிடம் வந்த முகவர் பொய்க்கணக்குக் காட்டினார். ஆனால் நடைமுறையில் பலருடைய நேரம் எந்த முகவரும் வராமலேயே பறிபோகிறது.

இரண்டாவது, பிராட்செட்டின் துறவிகளும் யாருக்கும் பதில் சொல்லக் கடமைப்பட்டவர்கள் அல்லர் என்பது. எங்கே நேரம் மிகுதி, எங்கே குறைவு என்று அவர்களே முடிவு செய்கிறார்கள். கடலின் மீன்களிடம் யாரும் கேட்கவில்லை. நாவல் இதை நகைச்சுவையாக்கிக் கடந்துவிடுகிறது. ஆனால் லோகி தொடரின் அலுவலகமும் இதே தர்க்கத்தின் நீட்சிதான் என்பதை மறுக்க முடியாது. நல்லெண்ணமுள்ள பங்கீட்டுக்கும் அதிகாரக் கத்தரிப்புக்கும் இடையே பிராட்செட் வைக்கும் எல்லை லூ-ட்சேயின் நற்குணம் ஒன்றே. நல்லவர் ஒருவர் துடைப்பம் பிடித்திருக்கும்வரை சரி, பிறகு என்ன என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

இந்தக் குறைகள் படைப்புகளின் மதிப்பைக் குறைப்பதில்லை. 'மோமோ' தீர்க்காமல் விட்ட இடத்திலிருந்து 'தீஃப் ஆஃப் டைம்' தொடங்குவதாகவும், அது விட்ட இடத்திலிருந்து 'லோகி' தொடங்குவதாகவும் வாசிக்கலாம்.

மதிப்பீடு

காலக் காவல் கருவிகள் வரும் படைப்புகளை அணுகும் மாணவர்கள் விதிகளின் முரண்களைப் பட்டியலிடுவதோடு நிறுத்திக்கொள்ளத் தேவையில்லை. கருவி யார் கையில் இருக்கிறது, அது எதை அளக்கிறது, அளக்காமல் விடுவது எது, அதற்கான விலையை யார் தருகிறார்கள் என்று பார்த்தால் படைப்பின் தரம் விரைவில் புலப்படும். காலத்திருப்பி மூன்றாம் நாவலில் சிறந்து, பிறகு சுமையாகிப்போனது விதிப்பிழையால் மட்டும் அல்ல. ஒரு மாணவியின் களைப்பிலும் ஒரு சிறுவனின் தந்தை ஏக்கத்திலும் வேர்கொண்டிருந்த கருவி, பின்னர் கதைத் திருப்பங்களுக்கான சாதனமாக மட்டும் சுருங்கியது. மனிதர்களோடு இருந்த தொடர்பு அறுந்தபோது அதன் மாயமும் போய்விட்டது.

நான்கு படைப்புகளிலும் காலத்துக்குப் பெருந்தீங்கு விளைவிப்பவர்கள் கடிகாரத்தை உடைப்பவர்கள் அல்லர். முகவர், தணிக்கையாளர், அலுவலர் என அவர்கள் அனைவரும் கடிகாரத்தை மிகச் சரியாக ஓடவைக்க விரும்புபவர்களே. மாறாகக் காவல் புரிபவர்களின் கருவிகள் அளவில் சரியில்லாதவை. ஹோராவின் கடிகாரங்கள் ஆளுக்கொரு நேரம் காட்டுகின்றன. துறவிகளின் வரலாறு ஒட்டுப்போட்டது. வீஸ்லி வீட்டுக் கடிகாரம் மணியே சொல்வதில்லை. நேரத்தை நொடிக்கணக்கில் பதிவுசெய்யும் கருவிகள் ஒவ்வொருவர் கையிலும் இருக்கும் காலத்தில் இக்கதைகள் தொடர்ந்து வாசிக்கப்படுவதற்கு இது ஒரு முக்கியமான காரணம். எவ்வளவு நேரம் செலவானது என்று சொல்ல அக்கருவிகளால் முடியும். அது வீணானதா என்று சொல்ல அவற்றால் முடியாது என்பதைத் தாயுடன் பேசிக்கொண்டிருந்த ஃபூசியின் கதை நினைவூட்டுகிறது.